அறுத்துக்கட்டுற சாதியும் சினிமாச் சித்தியும்

(ராசிபுரத்தில் மாணவர்களுக்காக நடந்த ஒருநாள் பயிலரங்கில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம். பேச்சுநடை பெரும்பாலும் அப்படியே விடப்பட்டுள்ளது.)

காலையில் மண்டப வாசலில் நின்றிருந்த தம்பி ஒருவர் என் கையில் ஒரு துண்டறிக்கையைத் திணித்தார். சுடுகாட்டுப் பாதை சம்பந்தமான அறிக்கை. நல்லாத்தான் எழுதியிருக்கு. கோபம் இருக்கு, சர்வே எண் இருக்கு, மனு கொடுத்த தேதி இருக்கு. ஆனா நாலாவது வரியில் ‘சேரி மக்களை மாற்றாந்தாய் மனப்பான்மையோடு நடத்தும் நிர்வாகத்தைக் கண்டிக்கிறோம்’ என்று அச்சடித்திருக்கிறோம். எழுதினது யாருன்னு கேட்க நான் வரல. இதே வார்த்தையை நானே எத்தனையோ சுவத்துல எழுதியிருக்கேன். சென்னையில் இருக்கிறவங்க டெல்லியைத் திட்டணும்னா இந்த வார்த்தை. தொகுதிக்கு நிதி வரலைன்னா எதிர்க்கட்சிக்காரருக்கு இந்த வார்த்தை. எல்லாக் கட்சிக்கும் பொதுவாய்க் கிடக்கிற ஒரு வார்த்தையை நாம் கொஞ்சம் சந்தேகப்படணும். அது நமக்காகச் செஞ்ச வார்த்தையா இருக்காது.

எனக்குக் கொடுத்த தலைப்பு ‘தமிழ் சினிமாவில் மறுமணக் குடும்பம்’. இந்தத் துண்டறிக்கையிலிருந்தே தொடங்குகிறேன்.

‘மாற்றாள்’ என்றால் சக்களத்தி. ‘மாற்றான்’ என்றால் பகைவன் என்றும் பொருள். தாய் செத்த வீட்டுக்கு வந்து அடுப்பைப் பற்றவைக்கிறவளுக்கு நம் தமிழ் கொடுத்த பெயரிலேயே பகை ஒட்டிக்கொண்டிருக்கிறது. சரி, அம்மாவுக்கு இன்னொரு கல்யாணம் ஆகி வர்ற ஆளுக்கு என்ன பெயர்? ‘மாற்றாந்தகப்பன் மனப்பான்மை’ என்று யாராவது மேடையில் பேசிக் கேட்டிருக்கீங்களா? (சிரிப்பு.) சிரிக்கிறோம். ஏன்னா அப்படி ஒரு ஆள் இருப்பதாகவே மொழி ஒத்துக்கொள்வதில்லை. இரண்டாம் தாரம் உண்டு, இரண்டாம் புருசன் கிடையாது. இது மொழியின் குறை இல்லை, மொழியை வைத்திருந்தவர்களின் வீட்டு வழக்கம்.

இங்கே சொந்தக் கதை கொஞ்சம் சொல்லித்தான் ஆகணும். எங்கம்மா செத்தப்போ எனக்கு அஞ்சு வயசு. எங்கப்பா ஒரு பண்ணையத்துல வருசத்துக்கு ஆளா இருந்தார். ரெண்டு வருசம் கழிச்சு ஒருத்தங்களைக் கூட்டிக்கிட்டு வந்தார். சேகோ மில்லுல மரவள்ளிக்கிழங்கு தோல் உரிக்கிற வேலைக்குப் போனவங்க. அவங்க புருசன் லாரி கிளீனர், ரோட்டுலயே போயிட்டார். கையில மூணு வயசுப் பொண்ணு. மேளமில்லை, பந்தலில்லை. மாரியம்மன் கோயில்ல ஒரு மஞ்சக்கயிறு, பெரியவங்க நாலு பேர், அவ்வளவுதான். அன்னைக்கு ராத்திரியே நாங்க நாலு பேரும் ஒரே சட்டிக் களி தின்னோம். எனக்கு ஒரு சின்னம்மாவும் ஒரு தங்கச்சியும் கிடைச்சாங்க. தங்கச்சியைப் பள்ளிக்கூடத்துல சேர்க்கும்போது ‘அப்பா பேரு?’ன்னு கேட்டதுக்கு எங்கப்பா கண்ணை இமைக்காம தன் பேரைச் சொன்னார். இதை யாரும் தியாகம்னு சொல்லல. புரட்சின்னும் சொல்லல. அப்படித்தான் எங்க தெருவுல நாலு வீட்டுக்கு ஒரு வீடு இருந்தது.

எனக்கு ஒன்பது வயசிருக்கும்போது பக்கத்து ஊர் டெண்ட்டுக் கொட்டாயில ‘எங்க சின்ன ராசா’ போட்டாங்க. 1987-ல் வெளிவந்த பாக்யராஜ் படம். மூத்த தாரத்து மகனைப் படிக்கவிடாமல், சொத்துக்காக அவனைத் தோட்டத்து ஆளாகவே வைத்திருக்கும் சித்தி. அவளைத் தெய்வமாகக் கும்பிடும் மகன். கடைசியில் கதை விஷம் வரைக்கும் போகும். மணல்ல உட்கார்ந்து பார்த்துட்டு வீட்டுக்கு வந்தேன். சின்னம்மா கஞ்சி ஊத்தினாங்க. நான் குடிக்கல. ‘ஏன் சாமி?’ன்னாங்க. பதில் இல்லை. மறுநாளும் குடிக்கல. தங்கச்சிதான் போட்டு உடைச்சா: ‘விசம் இருக்கும்னு அண்ணன் பயப்படுது.’ சின்னம்மா ஒண்ணும் பேசல. குண்டானைத் தூக்கி ரெண்டு மடக்கு அவங்க குடிச்சிட்டு அப்புறம் என்கிட்ட நீட்டினாங்க. அன்னையிலிருந்து நான் பத்தாவது முடிக்கிற வரைக்கும், எனக்குச் சோறு போடும்போதெல்லாம் முதல்ல ஒரு வாய் அவங்க வாயில போட்டுக்குவாங்க. நான் மறந்தே போயிட்டேன். அவங்களுக்கு அது பழக்கமாயிட்டுது. அவங்க இப்போ இல்லை. அந்த ஒரு வாய்ச் சோத்துக்கு நான் மன்னிப்புக் கேட்கவே இல்லை.

‘சினிமா வெறும் பொழுதுபோக்குதானே தோழர், அதுக்கு எதுக்கு ஒரு பயிலரங்கு’ என்று கேட்பவர்களுக்கு நான் காட்ட வேண்டியது அந்தக் கஞ்சிக் குண்டானைத்தான்.

இந்தச் சித்தி எங்கிருந்து வந்தாள்? ரொம்ப தூரம் போக வேண்டாம். சேலம் ஏற்காடு ரோட்டில் ஒரு நுழைவு வளைவு நிற்கிறது. அதற்குப் பின்னால்தான் மாடர்ன் தியேட்டர்ஸ் இருந்தது. திருச்செங்கோட்டுக்காரரான டி.ஆர். சுந்தரம் 1930-களின் நடுவில் தொடங்கியது. 1956-ல் ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ வண்ணத்தில் வந்தது அங்கிருந்துதான் என்பதை நம் ஊர்க்காரர்கள் பெருமையாகச் சொல்வார்கள். மலையாளத்தின் முதல் பேசும்படமான ‘பாலன்’ (1938) கூட அதே மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்புதான். இயக்கியவர் எஸ். நொட்டாணி. கதை என்ன தெரியுமா? தாயில்லாத அண்ணன் தங்கை, கொடுமைக்காரச் சித்தி, வீட்டைவிட்டு ஓடும் பிள்ளைகள். ஒரு மொழி திரையில் வாய் திறந்ததும் சொன்ன முதல் கதை சித்திக் கொடுமை. அதைச் சொல்ல வைத்தது நம்ம சேலம்.

அதற்கும் முன்னால், மௌனப்பட காலத்தில், மலையாளத்தின் முதல் படமான ‘விகதகுமாரன்’ வந்தது. அதில் நாயகியாக நடித்தவர் பி.கே. ரோசி என்ற தலித் பெண். திரையில் ஒரு நாயர் வீட்டுப் பெண்ணாக வந்தார் என்பதற்காகத் திருவனந்தபுரத்துச் சாதி இந்துக்கள் அவரை ஊரைவிட்டே துரத்தினார்கள். தமிழ்நாட்டுப் பக்கம் வந்து, தான் யாரென்று வெளியே சொல்லாமலே வாழ்ந்து முடித்தார். இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். திரையில் தெரியும் குடும்பத்துக்குள் யார் மகளாக வரலாம் என்பதைச் சாதி முடிவு செய்தது. அந்தக் குடும்பத்துக்குள் தாயாக வருகிறவளை எப்படிப் பார்க்க வேண்டும் என்பதையும் அதே சாதிதான் முடிவு செய்தது.

எப்படி என்று கேட்டால், பதில் அம்பேத்கரிடம் இருக்கிறது. 1916 மே மாதம் கொலம்பியா பல்கலைக்கழகத்தில், தனது 25-ஆவது வயதில், ‘இந்தியாவில் சாதிகள்’ என்ற கட்டுரையை வாசித்தார். சாதி உயிரோடிருப்பது அகமணத்தால்தான் என்கிறார். சாதிக்குள்ளேயே கட்டிக்கொடுக்க வேண்டுமென்றால் ஆண் கணக்கும் பெண் கணக்கும் சரியாக இருக்கணும். புருசன் செத்தால் ஒரு பெண் உபரி. பெண்டாட்டி செத்தால் ஒரு ஆண் உபரி. உபரிப் பெண்ணை என்ன செய்வது? ஒன்று புருசனோடு எரித்துவிடு, இல்லையென்றால் தாலியை அறுத்து மூலையில் உட்கார வை. உபரி ஆணை எரிக்க முடியுமா? அவன் ஆண், எஜமான். துறவியாக்கினால் சாதிக்குப் பிள்ளை குறையும். ஆக, கல்யாண வயதுக்கே வராத சிறுமிகளின் வரிசையிலிருந்து ஒருத்தியைப் பிடித்து அவனுக்குக் கட்டி வை. சதி, கட்டாய விதவைக்கோலம், குழந்தை மணம் மூன்றும் ஒரே கணக்கின் மூன்று விடைகள் என்று காட்டினார்.

இப்போ சித்தி எங்கிருந்து வருகிறாள் என்று தெரிகிறதா? அவள் அந்த ‘உபரி ஆண்’ கணக்கில் விடையாக எழுதப்பட்ட சின்னப் பெண். நாற்பது வயசுக்காரன் வீட்டுக்குள்ளே பதினெட்டு வயசில் தள்ளிவிடப்பட்டவள். அந்த வீட்டில் அவளுக்குப் பிடி எதுவும் கிடையாது. தன் வயிற்றில் ஒரு ஆண்பிள்ளை பிறந்து, அவனுக்கு நிலத்தில் பங்கு கிடைத்தால்தான் அவளுக்கு வாழ்வு. மூத்த தாரத்து மகன் அவளுக்குப் பங்காளி. பங்காளிச் சண்டையை உண்டாக்கியது வரப்பும் பட்டாவும். பழி மட்டும் அவள் மனசு மேலே. ராமாயணத்துக் கைகேயியும், துருவனை மடியிலிருந்து இறக்கிவிடச் செய்த சுருசியும் கேட்டது சிம்மாசனம். நம் சினிமாச் சித்தி கேட்டது தோட்டம், துரவு. வேறு வித்தியாசம் எனக்குத் தெரியவில்லை.

1966-ல் கே.எஸ். கோபாலகிருஷ்ணனின் ‘சித்தி’ வந்தது. தம்பியின் படிப்புக்காகக் காதலை விட்டுவிட்டு, வீடு நிறையப் பிள்ளைகள் உள்ள எம்.ஆர். ராதாவுக்கு இரண்டாம் தாரமாகப் போகிறாள் பத்மினி. அதில் ஒரு நேர்மை உண்டு. ஒரு பெண் எப்படி இரண்டாம் தாரமாகிறாள், அவள் என்ன விலைக்குப் போகிறாள் என்பதைப் படம் காட்டுகிறது. சித்தி நல்லவளாகவும் இருக்கலாம் என்று சொன்னதும் அந்தக் காலத்தில் பெரிய விஷயம். ஆனால் நல்ல சித்தி என்றால் என்ன அர்த்தம்? தனக்கென்று ஒன்றுமே வைத்துக்கொள்ளாதவள்.

அந்த நிபந்தனையை அப்பட்டமாக வைத்தது 1983-ன் ‘முந்தானை முடிச்சு’. நம்ம கொங்குச் சீமைக் கிராமத்து வாசனையோடு வந்த படம், அதனாலேயே நாம் இன்னும் ரசிக்கிற படம். கைக்குழந்தையோடு ஊருக்கு வரும் வாத்தியார். அவரைக் கட்டிக்கொள்ள ஒரு பொய்ச் சத்தியம் செய்கிற பரிமளம். கல்யாணம் ஆன பிறகும் வாத்தியார் அவளைத் தொடமாட்டார். ஏன்? அவளுக்கென்று ஒரு பிள்ளை பிறந்தால் மூத்தாள் பிள்ளையைக் கவனிக்கமாட்டாளாம். கடைசியில் அவள் என்ன செய்கிறாள்? கருத்தடை ஆபரேசன் செய்துகொள்ள ஆஸ்பத்திரிக்குப் போகிறாள். அவர் ஓடிவந்து தடுக்கிறார், படம் சுபம். கொட்டாயில் எல்லோரும் கைதட்டினோம். தோழர்களே, யோசித்துப் பாருங்கள். ஒரு பெண் தன் கர்ப்பப்பையை மேசைமேல் வைத்த பிறகுதான் அவளை அம்மா என்று ஒப்புக்கொள்கிறது இந்தக் குடும்பம். வாத்தியாரைப் பார்த்து, ‘நீ நல்ல அப்பனா?’ என்று யாராவது கேட்டார்களா?

இனி நம்ம பக்கம் வருவோம். நம்மை ஊர்த்தெருவில் எப்படித் திட்டுவார்கள்? ‘அறுத்துக்கட்டுற சாதிதானே நீங்க!’ இந்த வசவை வாங்காத பாட்டி நம்ம வீடுகளில் இல்லை. புருசன் செத்தால், அல்லது புருசனோடு ஒத்துவராமல் ஊர்க்கூட்டத்தில் தீர்த்துக்கொண்டால், வேறொருவனைக் கட்டிக்கொள்ளும் வழக்கம் சேரியில் இருந்தது. ஊர்த்தெருவில் வெள்ளைச்சேலை கட்டிக்கொண்டு ஒருத்தி மூலையில் கிடந்தபோது, நம்ம ஆயா ரெண்டாவது தாலியோடு களைவெட்டப் போனாள். கவனியுங்கள், அவர்கள் எதை இழிவு என்றார்களோ அது பெண்ணுக்கு இருந்த உரிமை. நமக்கு நிலமில்லை, பட்டா இல்லை, பங்காளி பயம் இல்லை. இருந்த பயம் எல்லாம் பட்டினிதான். பிள்ளைக்குக் கஞ்சி ஊற்ற இரண்டு பேர் உழைக்கணும். ஆகவே பிள்ளையையும் கூட்டிக்கொண்டு வந்தாள். பிள்ளை வந்த வழி முக்கியமில்லை, வாய் ஒன்று கூடியது, அதுக்கு ரெண்டு வருசத்தில் ஆடு மேய்க்கக் கை ரெண்டு கூடும். இதில் வறுமையின் கணக்கும் இருந்தது, மறைக்கவில்லை.

வெள்ளைக்காரன் 1856-ல் விதவை மறுமணச் சட்டம் கொண்டுவந்தான். பெரிய சீர்திருத்தம் என்று பாடப்புத்தகத்தில் படிக்கிறோம். அதே சட்டத்தின் இரண்டாவது பிரிவு, மறுமணம் செய்தவள் செத்த புருசன் சொத்தில் இருந்த உரிமையை இழப்பாள் என்றது. கல்யாணத்துக்குக் கதவைத் திறந்து, நிலத்துக்குக் கதவைச் சாத்திய சட்டம். 1929 செங்கல்பட்டு மாநாட்டில் சுயமரியாதை இயக்கம் விதவை மறுமணம், மணவிலக்கு, பெண்ணுக்குச் சொத்து மூன்றையும் சேர்த்துக் கேட்டது. மணவிலக்கையும் பெண் சொத்துரிமையையும் சட்டமாக்கத்தான் அம்பேத்கர் இந்துச் சட்டத் தொகுப்பு மசோதாவோடு போராடினார். அது முடக்கப்பட்டபோது 1951-ல் மந்திரி பதவியை உதறினார். அவர்கள் கேட்டதில் ஒரு பகுதி, சட்டமே இல்லாமல், நம் தெருவில் நடந்துகொண்டிருந்தது.

அதுக்காக நம்ம தெருவைச் சொர்க்கம்னு நான் சொல்ல வரல. குடிச்சிட்டு வந்து, கூட வந்த பிள்ளையை அடிச்ச ஆம்பளைகள் இருந்தாங்க. ‘உங்கப்பன்கிட்ட போய்க் கேளு’ன்னு சொன்ன வாய்கள் இருந்தது. மூத்தாள் பிள்ளைக்குக் கஞ்சித் தண்ணியும் தன் பிள்ளைக்குச் சோறும் போட்ட கைகளும் இருந்தது. ஆனா அது அந்தந்த ஆளோட குணம். சித்தி என்றாலே விஷம் என்கிற கருத்தியல் நம்முடையது இல்லை. அதை நமக்குக் கொட்டாயில் டிக்கெட் போட்டு விற்றார்கள்.

சித்தப்பன் எப்போ வந்தான்? ரொம்பத் தாமதமாக. 1991-ன் ‘தளபதி’யை எடுத்துக்கொள்ளுங்கள். பெயர் தெரியாத பிறப்பு என்பதால் அக்ரகாரத்து சுப்புலட்சுமி சூர்யாவுக்குக் கிடைக்கமாட்டாள். அவளைக் கலெக்டர் கட்டிக்கொள்வார். சூர்யாவுக்கு யார்? அவன் கையால் செத்தவனின் பெண்டாட்டி, கூட ஒரு சின்னப் பொண்ணு. சாதி முதல் கதவைச் சாத்தியதும் இரண்டாவது கதவு பிராயச்சித்தமாகத் திறக்கிறது. விதவையைக் கட்டுவது காதல் இல்லை, தண்டனை. இருந்தாலும் அதே படத்தில் ஜெய்சங்கர் வருகிறாரே, மனைவிக்குத் தனக்கு முன்பே ஒரு மகன் பிறந்தான் என்று தெரிந்தும் அவளை ஒரு சொல் சொல்லாமல் அந்த மகனைத் தேடிப்போகிற மனுசன், அவர் எனக்குப் பிடித்த சித்தப்பன். அவரைப் பற்றி யாரும் பேசுவதில்லை.

பிறகு ‘ரிதம்’ (2000), ‘வேட்டையாடு விளையாடு’ (2006), ‘என்னை அறிந்தால்’ (2015). மரியாதையான படங்கள். தனியாக இருக்கும் ஆண், குழந்தையோடு இருக்கும் பெண், இருவரும் பேசிப் பழகிச் சேர நினைப்பது. பெண்ணை யாரும் கேவலமாகப் பார்ப்பதில்லை. வரவேற்கிறேன். ஆனால் அந்தக் காதலர்கள் யார்? புகைப்படக்காரர், வங்கி ஊழியர், போலீஸ் உயரதிகாரி. பேச்சில் பாதி ஆங்கிலம், குடியிருப்பது மாடி வீடு, சாதி எதுவென்று சொல்லமாட்டார்கள். சேரிப்பெண் செய்தால் ‘அறுத்துக்கட்டுறது’, இவர்கள் செய்தால் ‘நவீன உறவு’. இன்னொன்று, ‘என்னை அறிந்தால்’ படத்தில் அந்தக் கல்யாணம் நடக்கவே இல்லை. பெண்ணைக் கொன்றுவிட்டுத்தான் நாயகனைத் தகப்பனாக்குகிறார்கள். செத்துப்போன தாயின் பிள்ளையை வளர்ப்பவன் மகான். உயிரோடிருக்கும் தாயையும் பிள்ளையையும் ஏற்றுக்கொண்டு தினம் ரேஷனுக்கு வரிசையில் நிற்பவன் யாருக்கும் நாயகன் இல்லை.

2024-ல் ‘மகாராஜா’. ஒரு சவரத் தொழிலாளி, தன் ரத்தமில்லாத பெண்ணைத் தன் மகளாகவே வளர்க்கிறான். அவளுக்காக எல்லாவற்றையும் பணயம் வைக்கிறான். இப்படி ஒருவனை நடுவில் நிறுத்தியதற்காக அந்தப் படத்தை மதிக்கிறேன். ஆனால் முடிவைப் பாருங்கள். வில்லன் எப்போது உடைகிறான்? சீரழிக்கப்பட்ட பெண் தன் சொந்த மகள் என்று தெரியும்போது. அடுத்தவன் மகள் என்றால் உடைந்திருக்கமாட்டான், அதுதானே பொருள்? வளர்த்தவனின் பாசத்தை வைத்துத் தொடங்கிய கதை, ரத்தத்திடம் போய்த்தான் கண்ணீர் கேட்கிறது.

நம் இயக்குநர்களையும் கேட்கணும், உரிமையோடு. ‘சார்பட்டா பரம்பரை’யில் (2021) ‘பரம்பரை’ என்ற சொல்லையே பா. இரஞ்சித் புரட்டிப்போட்டார். அது ரத்தத்தால் வருவது இல்லை, ஒரே களத்தில் பயின்றதால் வருவது. ரங்கன் வாத்தியார் பெற்ற மகனை விட்டுக் கபிலனைத் தேர்ந்தெடுக்கிறார். பெரிய விஷயம். ஆனால் கபிலனின் அம்மா? புருசன் செத்த நாளிலிருந்து மகனுக்காகவே வாழும் விதவைத்தாய். நம்ம ராசிபுரத்தை நினைவூட்டும் காசிபுரத்தை வைத்து எடுத்த ‘மாமன்னன்’ (2023) கூட பெற்ற தகப்பனும் மகனும் பற்றித்தான். நம் படங்களில் பறை வந்துவிட்டது, பன்றி வந்துவிட்டது, அம்பேத்கர் படம் சுவரில் வந்துவிட்டது. இரண்டாவது தாலியோடு நிமிர்ந்து நடந்த நம்ம ஆயா மட்டும் இன்னும் வரவில்லை. அவளைக் காட்ட நமக்கே கூச்சமா?

கூச்சம்தான். கசப்பான ஒன்றைச் சொல்கிறேன். அம்பேத்கரே சிற்றன்னை வீட்டில் வளர்ந்தவர். தாய் பீமாபாய் சின்ன வயதிலேயே போய்விட, அத்தை மீராபாய் வளர்த்தார். பிறகு சிற்றன்னை வந்தார். தன் தாயின் நகைகளை அவர் அணிந்திருப்பதைச் சிறுவன் பீமனால் தாங்க முடியவில்லை என்று தனஞ்செய் கீர் எழுதுகிறார். அது பிள்ளை மனசு. எனக்கும் இருந்தது. ஆனால் நம் இயக்கம் பிள்ளை இல்லையே? 1948-ல் அம்பேத்கர் மருத்துவர் சவிதாவை மணந்தார். ரமாபாயின் மகன் யஷ்வந்துக்கு அவர் சிற்றன்னை. 1956 டிசம்பர் 6-க்குப் பிறகு என்ன நடந்தது? அவர்தான் கொன்றார் என்று நம்மவர்களே பேசினார்கள். அரசு விசாரணை நடந்தது, இயற்கை மரணம் என்று முடிந்தது. பேச்சு முடியவில்லை. ‘புத்தரும் அவர் தம்மமும்’ நூலுக்கு எழுதிய முன்னுரையில், தன் ஆயுள் நீண்டதற்கு மனைவிக்கு நன்றி சொல்லியிருந்தார் அம்பேத்கர். 1957-ல் நூல் வந்தபோது அந்த முன்னுரை அதில் இல்லை. பார்ப்பனக் குடும்பத்தில் பிறந்தவர் என்ற சந்தேகம் ஒரு பக்கம். ஆனால் 1956 அக்டோபர் 14 நாகபுரியில் அம்பேத்கரோடு நின்று தீட்சை எடுத்தவர் அவர். பிறப்பை வைத்து மனுசரை அளக்காதே என்று சொல்கிற நாம், பிறப்பையும் ‘சித்தி’ என்ற முத்திரையையும் சேர்த்து ஒரு பெண்ணை ஒதுக்கினோம். விஷக்கதையை நம்ப எனக்கு ஒன்பது வயசு, ஒரு டெண்ட்டுக் கொட்டாய். இயக்கத்துக்கு என்ன சாக்கு?

கடைசியாக ஒன்று. எங்க தெருவில் ஒரு பொண்ணு, இருபத்தெட்டு வயசு. புருசன் ரிக் வண்டியில் வடக்கே போனவன், பெட்டியில் வந்தான். நாமக்கல், திருச்செங்கோட்டுப் பக்கம் இது புதுசு இல்லை. லாரியும் ரிக்கும் எத்தனை வீட்டை இப்படி ஆக்கியிருக்கு. அவளுக்கு ஒரு பையன். கோழிப்பண்ணையில் வேலை செய்கிற ஒருவர், அவரும் மனைவியை இழந்தவர், பொண்ணு ஒண்ணு இருக்கு, கேட்டு வந்தார். அவளுக்குச் சம்மதம். அவ அண்ணன் மறுத்துட்டான். ‘நாமளும் படிச்சு மேல வந்துட்டோம், இன்னும் அறுத்துக்கட்டுற பழக்கம் எதுக்கு, நாலு பேர் என்ன சொல்லுவான்?’ அவன் நம்ம தோழன்தான். நீலத்துண்டு போட்டவன். அந்த நாலு பேர் யாருன்னு கேட்டேன், பதில் இல்லை. அவனுடைய ஆயா காலத்தில் கிடைத்த உரிமை அவன் தங்கச்சிக்குக் கிடைக்கல. அவன் அதுக்குப் பேரு முன்னேற்றம்னு வெச்சிருக்கான். சாதி நம்ம வீட்டுக்குள்ளே நுழையும்போது இப்படித்தான் மரியாதை வேசம் போட்டு நுழையும்.

அடுத்த ஞாயிறு அந்த வீட்டுக்கு நான் மறுபடி போறேன். உங்களில் நாலு பேர் கூட வாங்க. ‘நாலு பேர் என்ன சொல்வான்’ என்பதற்கு நாமே அந்த நாலு பேராக நின்று பதில் சொல்வோம்.

அதுக்கு முன்னாடி இந்தத் துண்டறிக்கை. இன்னும் ஐந்நூறு பிரதி கட்டு பிரிக்காமல் இருக்கிறதாம். எல்லோரிடமும் பேனா இருக்கு. அந்த நாலாவது வரியில் ‘மாற்றாந்தாய் மனப்பான்மை’யை அடித்துவிட்டு, நம்மைச் சுடுகாட்டுக்குப் போகவிடாமல் தடுப்பது எதுவோ அதன் பெயரை எழுதுங்கள். சாதி. இரண்டெழுத்து. இடம் போதும்.

எங்க சின்னம்மாவும் அந்தச் சுடுகாட்டில்தான் இருக்காங்க. அவங்களுக்குப் போகும் பாதைக்காக அச்சடித்த அறிக்கையில் அவங்களையே திட்ட வேண்டாம்.